கண்ணுக்குக் கீழே கடுகு மணிகள்: சுடலாமா, விடலாமா?

சில நோய்கள் உடம்பைக் கெடுக்கும். சில நோய்கள் உயிரையே வாங்கும். உடம்பையும் கெடுக்காமல், உயிருக்கும் தொல்லை தராமல், மனத்தை மட்டும் அரித்துத் தின்னுகிற விஷயம் ஒன்று இருக்கிறது. அதை நோய் என்று சொல்வதே தவறு. ஆனால் அதற்காக ஓடி அலைந்து, பணத்தைச் செலவழித்து, கடைசியில் நல்ல முகத்தில் நிரந்தரமான தழும்பை வாங்கிக்கொண்டு வருகிறவர்கள் உண்டு. ஆகவே அதைப் பற்றிக் கொஞ்சம் விவரமாகவே பார்ப்போம்.

கண்ணுக்குக் கீழே, இமை ஓரத்தில், கன்னம் தொடங்கும் இடத்தில், கடுகைத் தூவினாற்போல் சின்னச் சின்ன மணிகள். ஒவ்வொன்றும் 1 மில்லிமீட்டர் முதல் 3 மில்லிமீட்டர் வரைதான் இருக்கும். நிறமோ தோலின் நிறம். அல்லது இலேசான மஞ்சள். வலது கண்ணின் கீழே எப்படியோ, இடது கண்ணின் கீழும் அப்படியே. வலி இல்லை. சீழ் இல்லை. பெரும்பாலும் அரிப்பும் இல்லை. கிள்ளிப் பார்த்தாலும் உள்ளிருந்து ஒன்றும் வராது.

சிலருக்குக் கழுத்திலும், மார்பிலும், அக்குளிலும், வயிற்றிலும் கூட வரும். வயதுக்கு வரும் பருவத்திலோ, இருபது முப்பது வயதிலோ இவை தலைகாட்டும். ஆண்களைவிடப் பெண்களுக்கே அதிகம். சில குடும்பங்களில் தாய்க்கு இருந்தால் மகளுக்கும் வருவதுண்டு. டவுன் சிண்ட்ரோம் என்ற பிறவி நிலை உள்ளவர்களிடம் இவை மற்றவர்களைவிட அதிகமாகக் காணப்படுகின்றன.

நம் வீடுகளில் இதற்கு ஆளுக்கொரு பெயர். வியர்க்குரு என்பார் பாட்டி. பாலுண்ணி என்பார் அத்தை. பரு என்பாள் பக்கத்து வீட்டுத் தோழி. டாக்டர்கள் வைத்திருக்கும் பெயர் ‘சிரிங்கோமா’. கிரேக்க மொழியில் ‘சிரிங்க்ஸ்’ என்றால் குழல். நம் உடம்பில் 20 லட்சம் முதல் 40 லட்சம் வரை வியர்வைச் சுரப்பிகள் இருக்கின்றன. ஒவ்வொன்றிலிருந்தும் ஒரு மெல்லிய குழல் தோலைத் துளைத்துக்கொண்டு மேலே வருகிறது. அந்தக் குழலின் செல்கள் அளவுக்குச் சற்று அதிகமாகப் பெருகி, ஒரு சின்ன முடிச்சாக நின்றுவிடுகின்றன. அவ்வளவுதான் விஷயம்.

அந்த முடிச்சை மைக்ராஸ்கோப்பில் வைத்துப் பார்த்தால், வால் நீண்ட தலைப்பிரட்டைகள் நீந்துவது போலத் தெரியும். பட்டுப் புடவைக் கரையில் நெய்கிறார்களே மாங்காய்ப் புட்டா, அது போலவும் இருக்கும். இந்த உருவத்தைக் கண்டுதான் டாக்டர்கள் இது இன்னதென்று முடிவாகச் சொல்கிறார்கள். 1887-ஆம் ஆண்டிலேயே ஜாக்கே, டாரியே என்ற இரண்டு பிரெஞ்சு டாக்டர்கள் மார்பில் கூட்டமாக வெடித்துக் கிளம்பும் வகையைப் பற்றி எழுதியிருக்கிறார்கள். ஆகவே இது புதிய நோயும் அல்ல. இந்தக் காலத்துச் சாப்பாட்டினால் வந்ததும் அல்ல.

‘கட்டி’ என்றால் காலனா?

இங்கேதான் முதல் குழப்பம் ஆரம்பமாகிறது. டாக்டர் எழுதிக் கொடுக்கும் சீட்டில் ‘ட்யூமர்’ என்ற வார்த்தை இருக்கும். வீட்டுக்கு வந்து யாராவது படித்துச் சொன்னால், “கட்டியாமே! புற்று நோயாக இருக்குமோ?” என்று அடுப்பங்கரை வரை அழுகை கேட்கும்.

கட்டியில் இரண்டு ஜாதி உண்டு. ஒன்று, தான் இருக்கும் இடத்தை விட்டு நகராமல் சாதுவாக இருப்பது. மற்றொன்று, வேர் விட்டுப் பரவி உடம்பையே தின்பது. நாம் பேசுவது முதல் ஜாதி. இந்தக் கடுகு மணிகள் பல வருஷங்கள் அப்படியே இருக்கும். எண்ணிக்கை கொஞ்சம் கூடலாம். ஆனால் உயிருக்கு ஆபத்து இல்லை. ஒட்டுவாரொட்டியும் அல்ல, ஒரே துண்டில் முகம் துடைப்பதால் மற்றவருக்கு வராது.

இதை டாக்டர் தம் வாயால், நோயாளிக்குப் புரிகிற தமிழில், இரண்டு நிமிஷம் ஒதுக்கிச் சொல்ல வேண்டும். பாதி வைத்தியம் அதிலேயே முடிந்துவிடும். இதைச் சொல்லாமல் நேராக, “எத்தனை தடவை சுட வேண்டும், எவ்வளவு ஆகும்” என்று கணக்குப் போடுகிறவரிடம் எச்சரிக்கையாக இருங்கள்!

முதலில் ஆளை அடையாளம் காணுங்கள்

கண்ணைச் சுற்றி வருவதெல்லாம் சிரிங்கோமா அல்ல. ஒரே மாதிரி தோன்றும் வேறு சில ஆசாமிகளும் அதே இடத்தில் குடியேறுவது உண்டு.

வெள்ளை வெளேரென்று நொய்யரிசி போல இருப்பது ‘மிலியா’. அதை டாக்டர் ஊசி முனையால் இலேசாகக் கீறி, உள்ளே இருக்கும் மணியை எடுத்துவிடுவார். வேலை தீர்ந்தது. மூக்கை ஒட்டிய மூலையில், மேல் இமையில், மஞ்சளாகப் பட்டை படிந்தாற்போல் வருவது ‘சாந்தலாஸ்மா’. அது கொழுப்பின் படிவு. அதைக் கண்டால் தோலைச் சுடுவதற்கு முன் இரத்தத்தில் கொழுப்பு எவ்வளவு என்று பார்க்க வேண்டும். நடுவில் சின்னக் குழியோடு முத்துப் போல மின்னுவது ஒரு வைரஸின் வேலை. அது மற்றவருக்கும் ஒட்டும். நீர் கோத்த சின்னக் குமிழியாக, வெயில் காலத்திலும் அடுப்பு வெக்கையிலும் பெருத்து, குளிர் வந்தால் சுருங்குவது வியர்வைச் சுரப்பியிலிருந்தே வரும் இன்னொரு வகை. அதற்கு வழி வேறு.

முக்கியமான எச்சரிக்கை ஒன்று உண்டு. கடுகு மணிகள் கூட்டமாக, இரண்டு பக்கமும் சமமாக வரும். அப்படி இல்லாமல், ஒரே ஒரு கெட்டியான முடிச்சு முகத்தில், குறிப்பாக மேல் உதட்டருகே தோன்றி, மெல்ல மெல்லப் பரவி, அந்த இடம் மரத்துப் போனாலோ, முள் குத்துவது போல இருந்தாலோ அதை அலட்சியம் செய்யக் கூடாது. அபூர்வமான ஒரு வகைப் புற்று நோய் இந்த வேஷத்தில் வரும். அதை 1982-ல்தான் தனி நோயாகப் பிரித்து எழுதினார்கள். மேலோட்டமாகத் தோலைச் சுரண்டிப் பரிசோதித்தால் அதுவும் சிரிங்கோமா போலவே காட்டி டாக்டர்களையே ஏமாற்றிவிடும். ஆழமாகத் துண்டு எடுத்துப் பார்த்தால்தான் உண்மை தெரியும்.

அதே போல் உள்ளங்காலில் சிவப்பாக முளைத்து, தொட்டால் இரத்தம் கசியும் ‘போரோமா’ என்ற சாதுக் கட்டியும் வியர்வைக் குழலிலிருந்து வருவதுதான். 1956-ல் அதற்குப் பெயர் வைத்தார்கள். அதைச் சுட்டுக்கொண்டிருக்காமல் முழுமையாக வெட்டி எடுத்துப் பரிசோதனைக்கு அனுப்புவதே முறை.

இதிலிருந்து என்ன தெரிகிறது? என்ன என்று தெரியாமல் எதையும் சுடக் கூடாது! சுட்ட பிறகு சாம்பலைப் பரிசோதிக்க முடியாது.

சும்மா இருப்பதும் சிகிச்சைதான்

சரி, சிரிங்கோமாதான் என்று நிச்சயமாகிவிட்டது. அடுத்து என்ன செய்வது?

ஒன்றும் செய்யாமல் இருக்கலாம். இதையும் ஒரு சிகிச்சை என்றே வைத்திய சாஸ்திரம் சொல்கிறது. ஆனால் நம் நாட்டில் டாக்டரிடம் போய்விட்டு வெறுங்கையோடு திரும்பினால் நோயாளிக்குத் திருப்தி இல்லை. “ஒன்றுமே எழுதிக் கொடுக்கவில்லையே, இவர் என்ன டாக்டர்?” என்று முகம் சுளிக்கிறோம். மருந்தும் ஊசியும் மெஷினும் இருந்தால்தான் கொடுத்த காசு செரிக்கிறது. சும்மா விடுங்கள் என்று சொல்லுகிற டாக்டருக்குத்தான் உண்மையில் இரட்டை பீஸ் கொடுக்க வேண்டும் என்பது என் அபிப்பிராயம்.

அதற்காக, நீக்கிக்கொள்ள விரும்புகிறவர்களைப் பார்த்து, “எல்லாம் வீண் ஆடம்பரம்” என்று ஏசுகிறவர்களோடும் எனக்கு உடன்பாடு இல்லை. முகம் அவரவருடையது. தினமும் கண்ணாடியில் அதைப் பார்க்கிறவர் அவர்தான். நாலு பேர் உட்கார்ந்து பெண் பார்க்கிற கூடத்தில், “கண்ணுக்குக் கீழே என்னம்மா பொரிப்பொரியாக?” என்று கேட்கிற மாமியைத் திருத்தாமல், அந்தப் பெண் மட்டும் மன உறுதியோடு இருக்க வேண்டும் என்று உபதேசம் செய்வது எளிது. அழகுக்கு ஆசைப்படுவது குற்றம் அல்ல. ஆனால் ஆசையின் பேரில் ஏமாறக் கூடாது.

பிறர் நச்சரிப்புக்காகச் செய்கிறீர்களா, உங்கள் மனத்துக்காகச் செய்கிறீர்களா என்பதை முதலில் தீர்மானியுங்கள். பிறருக்காக என்றால், தயவு செய்து கொஞ்சம் தள்ளிப் போடுங்கள். அவர்கள் இன்று இதைச் சொல்வார்கள். நாளைக்கு மூக்கைச் சொல்வார்கள்.

என்னென்ன வழிகள்?

நீக்குவதற்குப் பல வழிகள் இருக்கின்றன. பல வழிகள் இருப்பதே எந்த வழியும் பூரணமானது அல்ல என்பதற்கு அத்தாட்சி. ஒரே மருந்தில் நிச்சயமாகக் குணமாகும் நோய்க்கு யாரும் பத்து மருந்து தேடுவதில்லை.

ஏன் இந்தச் சங்கடம்? முடிச்சு இருப்பது தோலின் மேல் ஏட்டில் அல்ல. அதற்குக் கீழே உள்ள அடித்தோலில். மேலாகச் சுரண்டினால் வேர் தங்கிவிடும், மீண்டும் முளைக்கும். வேரோடு எடுக்க ஆழமாகப் போனால் தழும்பு விழும். அதுவும் எந்த இடத்தில்? இமைத்தோல்தான் நம் உடம்பிலேயே மிக மெல்லிய தோல். மிதமிஞ்சிச் சுட்டால் தழும்பு சுருங்கிக் கீழ் இமையையே வெளிப்புறமாக இழுத்துவிடலாம். ஆழம் தெரியாமல் காலை விடாதே என்ற பழமொழி இதற்கென்றே பிறந்தது போல இருக்கிறது.

பூச்சு மருந்து: வைட்டமின் ‘ஏ’ குடும்பத்தைச் சேர்ந்த டிரெட்டினாயின், அடாபலீன் முதலிய களிம்புகளைச் சில டாக்டர்கள் எழுதித் தருகிறார்கள். மணிகள் சற்றுத் தட்டையாகலாம். அடியோடு மறையும் என்று எதிர்பார்ப்பது பேராசை. இதே இனத்தைச் சேர்ந்த ஐசோடிரெட்டினாயின் மாத்திரையைக் கர்ப்பிணிகள் சாப்பிட்டால் சிசுவுக்கு அங்கஹீனம் ஏற்படும். கடையில் கேட்டு வாங்கிச் சாப்பிடுகிற மாத்திரை அல்ல அது.

மின்சாரச் சூடு: மெல்லிய ஊசி முனையில் மின்சாரத்தைப் பாய்ச்சி ஒவ்வொரு மணியாகக் கருக்குவது. செலவு குறைவு, பல இடங்களில் கிடைக்கும். ஊசியை முடிச்சுக்குள்ளேயே செருகி உள்ளே மட்டும் சுடும் முறையில் மேல் தோல் அவ்வளவாகப் புண்படுவதில்லை. மெஷினைவிடப் பிடிக்கும் கைதான் முக்கியம்.

லேசர்: இன்று அதிகமாகப் பேசப்படுவது இதுதான். கார்பன் டை ஆக்ஸைடு லேசரைக் கண்டுபிடித்தவர் நம் நாட்டவர் என்பது பலருக்குத் தெரியாது. மகாராஷ்டிரத்தில் பாராமதியில் பிறந்த குமார் படேல், அமெரிக்காவின் பெல் ஆராய்ச்சிக் கூடத்தில் 1964-ல் அதைக் கண்டுபிடித்தார். கண்ணுக்குத் தெரியாத அந்தக் கதிரைத் தோலில் உள்ள நீர் உறிஞ்சிக்கொண்டு ஆவியாகிறது. முடிச்சும் அதோடு போகிறது. ஏடு ஏடாக எடுக்கலாம் என்பதால் ஆழத்தைக் கட்டுப்படுத்துவது சுலபம். ‘எர்பியம்’ லேசர் சுற்றியுள்ள தோலை இன்னும் குறைவாகச் சுடும். ஆனால் லேசர் என்பதும் சூடுதான், மந்திரக்கோல் அல்ல. பல தடவை போக வேண்டியிருக்கும். கண்ணுக்குக் கவசம் வைக்காமல் இமை அருகே லேசர் அடிப்பது பெருங்குற்றம்.

அமிலம், கத்தரி, குளிர்: டிரைகுளோரோ அசிட்டிக் அமிலத்தைத் துளித் துளியாகத் தொட்டு வைப்பதும், ஒன்றிரண்டு மணிகளே இருந்தால் நுண்ணிய கத்தரியால் கிள்ளி எடுப்பதும், குளிர்ந்த திரவ நைட்ரஜனால் உறைய வைப்பதும் உண்டு. கடைசியாகச் சொன்னது நம்மவர் தோலில் வெள்ளைத் திட்டுகளை விட்டுச் செல்லக்கூடும்.

நம்மவர் தோல் என்று சொன்னேன். அதில் ஒரு பெரிய விஷயம் இருக்கிறது. வெள்ளைக்காரர் தோலில் சூடு பட்டால் சிவந்து ஆறிவிடும். நம் மாநிறத் தோலில் சூடு பட்டால் கருத்துவிடும். இந்தக் கருப்பு மறையச் சில மாதங்கள் ஆகும். சிலருக்கு வருஷமும் ஆகும். தோல் நிறத்தில் இருந்த மணிகளை யாரும் கவனிக்கவில்லை. சுட்ட பிறகு வந்த கரும்புள்ளிகளைத் தெருவே கவனிக்கிறது! பிள்ளையார் பிடிக்கக் குரங்காய் முடிந்த கதை இதுதான். காது குத்திய இடத்தில் தழும்பு தடித்து வளர்ந்தவர்கள் இந்த விஷயத்தில் இன்னும் ஜாக்கிரதையாக இருக்க வேண்டும்.

சுண்ணாம்பு வைத்தியமும் மெஷின் வைத்தியமும்

மருவைச் சுடச் சுண்ணாம்பையும் சலவைச் சோடாவையும் குழைத்து வைப்பது நம் ஊர்ப் பழக்கம். ஊதுபத்தி நெருப்பால் சுடுவோரும், எருக்கம்பால் கள்ளிப்பால் தடவுவோரும் உண்டு. உள்ளங்கையில் மருவுக்குச் செய்வதைக் கண் இமையில் செய்தால் என்ன ஆகும்? எருக்கம்பாலும் கள்ளிப்பாலும் கண்ணில் பட்டால் கருவிழி புண்ணாகிப் பார்வை மங்கும். சுண்ணாம்போ கண்ணையே அவித்துவிடும். ஒரு கடுகு மணிக்காகக் கண்ணைப் பணயம் வைப்பதா?

பழைய காலத்துப் பாட்டியையாவது மன்னிக்கலாம். அவர் காசு வாங்கவில்லை. ஆனால் இன்று ஒரு மின்சாரச் சூட்டு மெஷினை வாங்கி வைத்துக்கொண்டு, வெள்ளைக் கோட்டு மாட்டிக்கொண்டு, சுவரில் ‘முன் – பின்’ படங்களை ஒட்டிக்கொண்டு, “ஒரே நாளில் மரு, பரு, பாலுண்ணி அத்தனையும் போகும்” என்று விளம்பரம் செய்கிறார்களே, அவர்களை எப்படி மன்னிப்பது? புருவம் திருத்துவது அழகு நிலையத்தின் வேலை. தோலைச் சுடுவது வைத்தியரின் வேலை. இரண்டுக்கும் நடுவே உள்ள கோட்டை அழித்துவிட்டால் நஷ்டம் நமக்குத்தான்.

தமிழ்நாட்டில் மருத்துவ நிலையங்களை ஒழுங்குபடுத்த 1997-லேயே சட்டம் வந்தது. அதற்கான விதிகள் 2018-ல் வந்தன. சட்டம் புத்தகத்தில் இருந்தால் போதாது. அழகு நிலையம் என்ற பெயரில் அறுவைக் கூடம் நடத்துகிறவர்களை அதிகாரிகள் தேடிப் போய்ப் பார்க்க வேண்டும். மெஷின் விற்கிறவரும், “யாருக்கு விற்கிறோம்?” என்று கேட்டு விற்க வேண்டும்.

கேளுங்கள், சொல்லப்படும்!

டாக்டரிடம் கேள்வி கேட்பது மரியாதைக் குறைவு என்று நம்மில் பலர் நினைக்கிறார்கள். அது தவறு. சிகிச்சை என்ன, அதனால் என்ன பயன், என்ன ஆபத்து, வேறு வழி உண்டா, சிகிச்சையே வேண்டாம் என்றால் என்ன ஆகும் என்பதையெல்லாம் நோயாளிக்குச் சொல்லித்தான் சம்மதம் வாங்க வேண்டும் என்று சுப்ரீம் கோர்ட்டே 2008-ல் ஒரு தீர்ப்பில் கூறியிருக்கிறது. ஆகவே தைரியமாகக் கேளுங்கள்.

“இது சிரிங்கோமாதான் என்று எப்படி முடிவு செய்தீர்கள்? சந்தேகம் இருந்தால் துண்டு எடுத்துப் பார்க்கலாமா?” என்று கேளுங்கள். “செய்யாமல் விட்டால் என்ன ஆகும்?” என்று கேளுங்கள். “திரும்ப வருமா? எத்தனை தடவை வர வேண்டும்? மொத்தச் செலவு என்ன?” என்று கேளுங்கள். “என் தோலின் நிறத்துக்குக் கருப்பு விழுமா?” என்று கேளுங்கள். “முகம் முழுவதும் செய்வதற்கு முன், மறைவான ஓர் இடத்தில் ஒரே ஒரு மணியைச் சுட்டுச் சில வாரங்கள் பொறுத்துப் பார்க்கலாமா?” என்றும் கேளுங்கள். இந்தக் கடைசிக் கேள்வி பல ஆயிரம் ரூபாய் பெறும்.

செலவைப் பற்றியும் ஒரு வார்த்தை. இதை அழகுச் சிகிச்சை என்று ஒதுக்கி இன்ஷூரன்ஸ் கம்பெனிகள் பொதுவாகப் பணம் தருவதில்லை. ஆகவே கைக்காசுதான். கடன் வாங்கியோ, நகையை அடகு வைத்தோ செய்கிற காரியம் அல்ல இது. என்ன கட்டி என்று தெரிந்துகொள்வதற்கு அரசாங்க ஆஸ்பத்திரியின் தோல் பிரிவே போதும். அங்கே போய்ப் பெயரைத் தெரிந்துகொண்டு வந்த பிறகு மற்றதை நிதானமாக யோசிக்கலாம். மணிகள் எங்கும் ஓடிப் போய்விடா!

சிகிச்சை செய்துகொள்கிறவர்களுக்கும் சில கடமைகள் உண்டு. புண் ஆறும் வரை பொருக்கைப் பிய்க்கக் கூடாது. சில வாரங்களுக்காவது உச்சி வெயிலில் அலையக் கூடாது. குடை, டாக்டர் சொன்ன வெயில் தடுப்புக் களிம்பு இரண்டும் வேண்டும். கல்யாணத்துக்குப் பத்து நாள் இருக்கும்போது போய், “எல்லாவற்றையும் எடுத்துவிடுங்கள் டாக்டர்” என்று அவசரப்படுத்தக் கூடாது. முகூர்த்தத்தன்று மணப்பெண்ணின் முகத்தில் பொருக்கு இருக்கும். போட்டோவில் காலம் முழுவதும் இருக்கும். மாதக் கணக்கில் முன்னதாக யோசியுங்கள். இல்லையேல் கல்யாணம் முடிந்து யோசியுங்கள்.

முடிவாக ஒன்று. சூடு போட்டுத்தான் தீர வேண்டும் என்று வாதாடுகிற கட்சியும் சரியல்ல. தொடவே கூடாது என்கிற கட்சியும் சரியல்ல. தெரிந்து, யோசித்து, தேர்ந்த கையில், தம் விருப்பத்தின் பேரில் செய்துகொள்கிறவரை யாரும் குறை சொல்ல வேண்டியதில்லை. அதே போல், “இருந்துவிட்டுப் போகட்டும்” என்று கடுகு மணிகளோடு நிமிர்ந்து நடக்கிற பெண்ணையும் யாரும் நச்சரிக்க வேண்டியதில்லை. அவள் முகத்தில் இருப்பது நோய் அல்ல. கேலி பேசுகிறவர் வாயில் இருப்பதுதான் நோய். அதற்கு லேசர் இன்னும் கண்டுபிடிக்கவில்லை!